சிப் பழுதெண்டு பாக்கை எறியாதேங்கோ: வாசகர் கேள்வி பதில்

இந்தமுறை வந்த கேள்வியள்ல பாதிக்கு மேல சிப் பற்றித்தான். யோசிச்சுப் பார்த்தா விளங்குது, மடு மாதா கோயில் ஆவணித் திருவிழா முடிஞ்சு சனம் ரென்றைச் சுருட்டிக்கொண்டு வீட்ட வந்திட்டுது, சோளகக் காத்துக்கு எழும்பின கிறவல் ரோட்டுப் புழுதி இன்னும் அடங்கேல்ல, அங்கால ஐப்பசி பிறந்தா மழைக்கோட்டை வெளிய எடுக்கோணும். நான் கிளிநொச்சியில தையல்கடை வச்சிருக்கிறன், இப்ப என்னட்ட உடுப்புத் தைக்க வாறதை விட பாக்குக்கும் ஜக்கெற்றுக்கும் சிப் பார்க்க வாறதுதான் கூட, அதால இந்தமுறை முழுக்க சிப்புக்கெண்டே ஒதுக்கிப்போட்டன். கீழ "தலை" எண்டு நான் எழுதிறது சிப்பில மேலயும் கீழயும் ஓடுற அந்த இழுவைத் துண்டைத்தான், சில கடையள்ல ரன்னர் எண்டும் சொல்லுவினம். பல்லு எண்டா பல்லு, பட்டி எண்டா பல்லு பூட்டியிருக்கிற துணி நாடா.

*அக்கா, நாங்கள் குடும்பமா மடுவில 5 நாள் ரென்ற் அடிச்சு இருந்தனாங்கள். மூண்டாம் நாளே கதவுச் சிப் மூடிக்கொண்டு போகப் போக பின்னால வாயைப் பிளக்கத் தொடங்கிட்டுது. நுளம்பு உள்ளுக்கு வந்து பிள்ளையளுக்கு நித்திரையே இல்லை. ரென்ற் வாங்கி 2 வருசந்தான். எறியிறதோ என்ன செய்யிறது? — வாசகர், மாங்குளம்*

எறியாதேங்கோ தம்பி. துணி கிழியேல்ல, பல்லு விழேல்ல எண்டா அந்த ரென்ற் இன்னும் கனகாலம் கிடக்கும். சிப் வாயைப் பிளந்தா எல்லாரும் பல்லைத்தான் குறை சொல்லுறது, ஆனா எனக்கு முன்னால வந்து கிடக்கிறதுகள்ல கூடுதலா பல்லு நல்லா இருக்கும், பிழை தலையிலதான் இருக்கும்.

அந்தத் தலையை ஒருக்காக் கிட்டப் பிடிச்சு பக்கவாட்டில பாருங்கோ. முன்னுக்கு ரெண்டு வாய், நடுவில ஆப்பு மாதிரி ஒரு சின்னத் தூண், பின்னுக்கு ஒரே ஒரு வாய். ரெண்டு வாயாலயும் தனித்தனியாப் போற பல்லுவரிசையளை பின்வாயில தலையின்ர ஓரங்கள் நெருக்கிப் பிடிச்சு ஒண்டுக்குள்ள ஒண்டைக் கோத்து வெளிய விடுது, அவ்வளவுதான் சிப்பின்ர முழு வேலையும். இந்தத் தலை பெரும்பாலும் சிங்க் கலந்த வார்ப்பு. மணலில கிடக்கிற பளிங்குத் துகள் சிங்க்கை விட கனக்கக் கடினமானது, ஒவ்வொருக்கா இழுக்கேக்கயும் அந்த மணல் உள்ளுக்கு அரம் மாதிரி நிண்டு தேய்க்குது, தேயத் தேய மேல்தட்டுக்கும் கீழ்த்தட்டுக்கும் இடையில இடைவெளி கூடுது, பேந்து பல்லை நெருக்கிறதுக்கு அதில ஒண்டும் இல்லை. உங்கட ரென்ற் கதவில ரெண்டு தலை இருக்குமெண்டா ரெண்டின்ர பின்வாயையும் பக்கத்தில வச்சு ஒப்பிட்டுப் பாருங்கோ, கூடப் பாவிச்சது எது எண்டு கண்ணாலயே தெரியும்.

இனி கைவைத்தியம். முதல்ல சிப்பை நல்லாத் துப்புரவாக்கோணும், அதுக்குப் பிறகுதான் குறடு. பழைய பல்லு விளக்கிற பிரஸ்ஸால பல்லை உள்ளயும் வெளியயும் தட்டித் தேய்ச்சு மணலை விழுத்துங்கோ, இளஞ்சூட்டுத் தண்ணியில கொஞ்சம் சவர்க்காரம் கரைச்சுக் கழுவி, நல்ல தண்ணியால அலசி நிழலில காயவிடுங்கோ. காய்ஞ்சாப் பிறகு தலையை சிப் தொடங்கிற அந்தத்தில கொண்டுபோய் விட்டிட்டு, சின்னக் குறட்டால பின்வாய்ப் பக்கத்து இடது ஓரத்தை மேல்தட்டும் கீழ்த்தட்டும் சேரப் பிடிச்சு மெல்ல ஒரு நெரி, பேந்து வலது ஓரத்தை அதே அளவு ஒரு நெரி, பிறகு இழுத்துப் பாருங்கோ. இன்னும் பிளந்தா இன்னொருக்கா. ஒரேயடியா நெரிச்சா அந்த வார்ப்பு பட்டெண்டு உடையும், உடையாட்டியும் இறுகிப்போய் பல்லிலேயே மாட்டிக்கொள்ளும், திருப்பி விரிக்கிறது லேசில்லை. முன்பக்கத்து ரெண்டு வாயையும் தொடவே கூடாது. இது சில மாசத்துக்கு ஓடும், ஏனெண்டா தேய்ஞ்ச உலோகம் திரும்பி வளராது, ஆனபடியா அடுத்த திருவிழாவுக்கு முன்னம் தலையை மாத்திப்போடுங்கோ, முழுச் சிப்பும் மாத்தத் தேவையில்லை.

இன்னொண்டு, இதை மடுவில கனபேர் செய்யிறதை நானே கண்ணால கண்டிருக்கிறன். கதவைத் திறந்து விட்டபடி நாலு பக்கமும் ஆப்பு அடிச்சு இழுத்துக் கட்டுறது. அப்பிடிக் கட்டினா கதவின்ர ரெண்டு பக்கமும் விலகி நிக்கும், பேந்து பின்னேரம் மூடேக்க அந்த இழுவை முழுக்க சிப்பிலதான் விழும். ஆப்பு அடிக்க முன்னம் கதவுச் சிப்பை முழுக்க மூடிப்போட்டு அடியுங்கோ. மூடேக்க ஒரு கையால துணியைச் சேர்த்துப் பிடிச்சு மற்றக் கையால இழுங்கோ, வளைவான மூலையில ஆறுதலாப் போங்கோ, தலை கூடத் தேயிறது அந்த வளைவிலதான். இரவில பிளந்திட்டுது எண்டா பலவந்தமா இழுக்காமல் தலையைத் தொடக்கத்துக்குக் கொண்டுபோய் திரும்ப மூடிப்பாருங்கோ, சுருள் பல்லுச் சிப் (நைலோன் நூலைச் சுருளாச் சுத்திப் பல்லாக்கினது) எண்டா திரும்பக் கோத்துக்கொள்ளும்.

*தங்கச்சி, கனடாவில இருக்கிற மகன் நல்ல மொத்த ஜக்கெற் ஒண்டு அனுப்பினவன். தை மாசிப் பனிக்குள்ள யானைக்குக் காவல் இருக்கேக்க அதைத்தான் போடுறனான். சிப்பில ரெண்டு தலை இருக்கு. சில நாள் பூட்டுப்படுது, சில நாள் அடியிலயே பிளந்துகொண்டு வருது. இருட்டுக்குள்ள கொட்டிலில இருந்து மல்லுக்கட்டிப் போதுமெண்டு போச்சு. — கமக்காரர், முத்தையன்கட்டு*

ஐயா, உங்கட ஜக்கெற்றுச் சிப் பழுதில்லை எண்டுதான் நான் நினைக்கிறன். அது ரெண்டு பக்கமும் திறக்கிற சிப், குந்தியிருக்கேக்கயோ மோட்டச்சைக்கிள் ஓடேக்கயோ கீழ்ப்பக்கம் கொஞ்சம் திறந்து விடுறதுக்கெண்டு வச்சிருக்கிறது. எங்கட ஆக்களுக்கு அது பழக்கமில்லாதபடியா ஒரு தலை மேல போய் நிக்கேக்கயே மற்றப்பக்கத்து ஊசியைச் செருகப் பார்க்கிறது. அப்பிடிச் செருகினா அது ஒருநாளும் நேராப் பூட்டுப்படாது.

செய்யிற விதம் இதுதான். தலையள் இருக்கிற பக்கத்தை எடுத்து, ரெண்டு தலையையும் முடியும்வரை கீழ இறக்கி, ஒண்டுக்கு மேல ஒண்டு முட்டி நிக்க விடுங்கோ. மற்றப்பக்கத்துப் பட்டியின்ர அந்தத்தில ஊசி மாதிரி ஒரு துண்டு இருக்கு, அதை ரெண்டு தலைக்குள்ளாலயும் செருகி அடி முட்டும்வரை தள்ளுங்கோ. அடி முட்டினது விரலுக்குத் தெரியும், கண் தேவையில்லை. பிறகு கீழ்த்தலையை ஒரு கையால அமத்திப் பிடிச்சுக்கொண்டு மேல்தலையை மட்டும் இழுங்கோ. பகல்ல வீட்டு விறாந்தையில இருந்து பத்துத்தரம் செய்து கையைப் பழக்கிப்போட்டா இருட்டுக்குள்ளயும் வரும்.

அந்த ஊசிக்குக் கிட்ட பட்டித் துணி நூல் நூலாப் பிரிஞ்சு போயிருக்கோ எண்டும் பாருங்கோ. ஜக்கெற் சிப்புகள் சாகிறது கூட அந்த இடத்திலதான், ஏனெண்டா ஒவ்வொரு நாளும் செருகிச் செருகி அது நைஞ்சு போகும். நையத் தொடங்கின உடன வீட்டில பிள்ளையளின்ர நிறமில்லாத கியூடெக்ஸ் இருந்தா வாங்கி, பிரிஞ்ச நூலை விரலால உருட்டிச் சேர்த்து மெல்லிசாப் பூசிக் காயவிடுங்கோ, ரெண்டுதரம் பூசினா துணி விறைச்சு நிக்கும், ஊசியும் நேராப் போகும். ஊசியே கழண்டு விழுந்திட்டுது எண்டா அதுக்கு மருந்தில்லை, சிப்பைத்தான் மாத்தோணும். நல்ல ஜக்கெற் எண்டா மாத்திறது தகும். இழுவைத் துண்டில தங்கூசி எண்ட தூண்டில் நூலை அல்லது சப்பாத்துக் கயித்துத் துண்டைக் கட்டிவிட்டா விறைச்ச விரலுக்குப் பிடிபடும், எங்கட பக்கத்துக் காவல்காரர் கனபேருக்கு நான் அப்பிடித்தான் கட்டிக் குடுக்கிறனான்.

*அக்கா, பிள்ளையளின்ர ஸ்கூல் பாக் சிப் இறுகினா நான் தேங்காயெண்ணெய் விடுறனான். முதல்ல நல்லா ஓடும், ஒரு கிழமையில முந்தினதை விட மோசமாயிடும். ஏன்? — அம்மா, விசுவமடு*

எண்ணெய்தான் காரணம் அம்மா. இதை நானும் ஒருக்காச் செய்து என்ர மருமகனின்ர புதுப் பாக்கைப் பழுதாக்கினான், அதால சரியா மனசில நிக்குது. எண்ணெய் ஈரமா நிண்டு புழுதியைப் பிடிச்சு வச்சுக்கொள்ளும். எங்கட செம்மண் புழுதி மா மாதிரி, அது எண்ணெயோட சேர்ந்தா குழைஞ்சு பசையாகி பல்லிடுக்கெல்லாம் அடைச்சிடும். அண்டைக்கு நான் தலையைக் கழட்டிப் பார்த்தனான், உள்ளுக்குச் செங்கட்டி மாதிரி உருண்டு கிடந்தது, ஊசியாலதான் நோண்டி எடுத்தது. நல்லெண்ணெய், இயந்திர எண்ணெய், கிறீஸ் எல்லாத்துக்கும் இதே கதைதான், வேணாம்.

போடவேண்டியது காய்ஞ்சு நிக்கிற சாமான். மெழுகுதிரித் துண்டு இருந்தாப் போதும். சிப்பை மூடிப்போட்டு பல்லின்ர மேல ரெண்டு பக்கமும் தேய்ச்சு, தலையை ஏழெட்டுத்தரம் மேலயும் கீழயும் ஓட்டி, மிச்சமா உதிர்ந்து கிடக்கிற மெழுகைத் துணியால துடைச்சு விடுங்கோ. காட்டுத்தேன் எடுக்கிற ஆக்களைத் தெரிஞ்சா தேன் மெழுகு கொஞ்சம் கேட்டு வச்சிருங்கோ, அது மெழுகுதிரியை விட ஒட்டி நிக்கும், லேசில உதிராது. காய்ஞ்ச சவர்க்காரக் கட்டியும் பாவிக்கலாம், ஆனா மழையில கரைஞ்சு போகும். இரும்பு பித்தளைப் பல்லுகளுக்கு பென்சில் கரி சரியான நல்லது, ஆனா வெள்ளைச் சட்டையில கறுப்புப் படும், ஸ்கூல் யூனிபோமுக்குக் கிட்டயும் கொண்டு போகாதேங்கோ.

இப்ப எண்ணெய் விட்டதுகளுக்கு முதல்ல எண்ணெயை எடுக்கோணும். பாத்திரம் கழுவுற திரவம் ரெண்டு சொட்டு இளஞ்சூட்டுத் தண்ணியில விட்டு, பிரஸ்ஸால தேய்ச்சு, தண்ணி தெளிவா வரும்வரை அலசுங்கோ. காய்ஞ்சாப் பிறகு மெழுகு. பிள்ளையளின்ர பாக்கில இன்னொரு சங்கதி, புத்தகம் எல்லாத்தையும் நாளாந்தம் அடைஞ்சு முழங்காலால அமத்தி மூடுறது. அப்ப பல்லு பக்கவாட்டில இழுபடுது, தலையின்ர வாய் விரியுது, மெழுகு பூசி அதைத் தடுக்கேலாது. நேரசூசியைப் பார்த்து அண்டைக்குத் தேவையான கொப்பியளை மட்டும் வைக்கச் சொல்லுங்கோ, பிள்ளையின்ர முதுகுக்கும் அதுதான் நல்லம். ரெண்டு தலை உள்ள பாக்கில ஒண்டு தேய்ஞ்சா அதை ஒரு அந்தத்தில நிப்பாட்டிவிட்டு மற்றதாலயே முழுத்தூரமும் மூடலாம், தலை மாத்த வசதி வரும்வரை வகுப்புக்குப் போகலாம்.

*அக்கா, கடலுக்குக் கொண்டு போற பாக்கும் உயிர்காப்பு அங்கியும் சிப் வெள்ளையாப் பூத்துக் கிடக்கு, அசையவே மாட்டன் எண்டுது. — கடற்தொழிலாளி, நாயாறு*

அந்த வெள்ளைப் பூ பாதி உப்பு, பாதி தலையின்ர உலோகம் அரிச்சு வந்த மாவு. உப்பு காய்ஞ்சாப் பிறகும் காத்தில இருக்கிற ஈரத்தை இழுத்துக்கொண்டே இருக்கும், அதால கரையில தொங்கவிட்ட நேரமும் அரிப்பு நிக்காது. தலைக்குள்ள பூட்டுறதுக்கெண்டு சின்ன ஒரு கம்பிச் சுருளும் முள்ளும் இருக்கும், முதல்ல போறது அதுதான், அது போனாத் தலை நிக்கிற இடத்தில நிக்காமல் சறுக்கும்.

முதல்ல வெறும் நல்ல தண்ணி வாளியில அரை மணித்தியாலம் ஊறவிடுங்கோ, உப்பு மட்டுமெண்டா அதோட கரைஞ்சு தலை அசையும். அசையாட்டி வினாகிரியையும் தண்ணியையும் சரிபாதி கலந்து துணியில நனைச்சு அந்தத் தலையைச் சுத்தி 10 நிமிசம் வச்சு எடுத்து, பிரஸ்ஸால தேய்ச்சு, நல்ல தண்ணியில ரெண்டு மூண்டுதரம் அலசுங்கோ. வினாகிரியை இரவிரவா ஊற விடாதேங்கோ, அது சிங்க்கையே தின்னும். பேந்து காயவிட்டு மெழுகு.

அதைவிட முக்கியம் கரைக்கு வந்த உடன செய்யிறது. வலையைக் கழட்டி வைக்கிற நேரத்தில ஒரு செம்பு நல்ல தண்ணியைச் சிப்பில ஊத்தி, ஊத்திற நேரமே தலையை ரெண்டுதரம் ஓட்டுங்கோ, அப்பத்தான் உள்ளுக்கு நிக்கிற உப்பும் வெளிய வரும். கொளுத்திற வெயிலில போடாமல் நிழலில காயவிடுங்கோ, வெயில் பட்டிநூலையும் பிளாஸ்ரிக் பல்லையும் நொய்ஞ்சு போகப் பண்ணும். அடுத்தமுறை வாங்கேக்க கடலுக்கெண்டா மொத்தமான பிளாஸ்ரிக் பல்லு வச்சதைப் பார்த்து எடுங்கோ, அலுமினியப் பல்லு வேணாம்.

உயிர்காப்பு அங்கியைப் பற்றி மட்டும் வேற மாதிரிச் சொல்லுறன் தம்பி. சிப்பை நம்பி இருக்காதேங்கோ, பக்கத்து வார்களையும் கொழுக்கிகளையும் ஒவ்வொருநாளும் பூட்டுங்கோ. வார் இத்துப்போய், உள்ளுக்கிருக்கிற மிதவை சுருங்கி நொறுங்கிப் போயிருந்தா சிப்பைத் திருத்திறதில பிரயோசனமில்லை, அதை மாத்தத்தான் வேணும். மற்ற எல்லாத்தையும் எறியாதேங்கோ எண்டு சொல்லுற நான் இதை எறியச் சொல்லுறன்.

*அன்புள்ள தங்கைக்கு, 2009ல நாங்கள் வெளிக்கிடேக்க தூக்கிக்கொண்டு வந்த பயணப்பை ஒண்டு இருக்கு. செட்டிகுளம் முகாமில இருந்து திரும்பி வந்த பிறகு அதை நான் திறக்கேல்ல. உள்ளுக்கு எங்கட காணிப் பத்திரமும் என்ர அவரின்ர படங்களும் இருக்கு. இப்ப திறக்கோணும் எண்டு மனசு வந்திருக்கு, ஆனா பித்தளைச் சிப் பச்சையாப் பிடிச்சுப்போய் அசையுதில்லை. மகன் கத்தியால வெட்டுவம் எண்டுறான், எனக்கு விருப்பமில்லை. — ஒரு அம்மா, புதுக்குடியிருப்பு*

அம்மா, வெட்ட வேணாம். அந்தப் பையையும் காப்பாத்தலாம், உள்ளுக்கு இருக்கிறதையும் காப்பாத்தலாம், ஆனா ஆறுதலாச் செய்யோணும், மழையில்லாத ஒரு நாள் காலமையில, நல்ல வெளிச்சத்தில.

உள்ளுக்குக் கடுதாசியும் படமும் இருக்கிறபடியா தண்ணி, வினாகிரி, எண்ணெய் ஒண்டும் பாவிக்கக் கூடாது. பச்சையா இருக்கிறது பித்தளைக் களிம்பு. பையை மேசையில படுக்க வச்சு, காய்ஞ்ச பிரஸ்ஸால களிம்பைத் தட்டித் தட்டி எடுங்கோ, தூளை ஊதாமல் ஈரத்துணியால மேசையில இருந்து துடைச்சு எடுங்கோ. பிறகு மெதுவான கறுப்புப் பென்சில் ஒண்டை நல்லாச் சீவி, தலைக்கு முன்னுக்கும் பின்னுக்கும் ஒரு அங்குலத் தூரத்துப் பல்லுகள்ல ஒவ்வொண்டாத் தேய்ச்சுக்கொண்டு வாங்கோ, தலையின்ர வாய்க்குள்ளயும் பென்சில் முனை போற அளவுக்குத் தேயுங்கோ. இப்ப திறக்கிற பக்கம் இழுக்காதேங்கோ. முதல்ல மூடுற பக்கம் ஒரு மயிரிழை தள்ளிப் பாருங்கோ, பிறகு திறக்கிற பக்கம் ஒரு மயிரிழை. அப்பிடி முன்னும் பின்னுமா அசைச்சு அசைச்சுத்தான் பிடி விடும். இழுவைத் துண்டு இத்திருந்தா அதில இழுக்காமல் தலையையே குறட்டால பக்கவாட்டில மெல்லப் பிடியுங்கோ, நெரிக்க வேணாம்.

அதுக்கும் அசையேல்ல எண்டா சிப்பை விட்டிடுங்கோ. சிப்பின்ர பட்டியைப் பைத்துணியோட சேர்த்துத் தைச்ச தையல் வரி ஒண்டு ஓரத்தில போகும். தையல் பிரிக்கிற கூர்முள்ளு தையல்காரர் எல்லாரிட்டயும் இருக்கும், அதால அந்தத் தையலை மட்டும் ஒரு முழம் அளவுக்கு நூல் நூலா வெட்டிப் பிரிச்சா கை போற வாசல் வந்திடும், பையில ஒரு கீறலும் விழாது. எல்லாத்தையும் எடுத்தாப் பிறகு அந்த ஓட்டை வழியாவே திரும்பத் தைச்சு மூடலாம், களிம்பை அப்ப வினாகிரியால கழுவலாம்.

படங்கள் ஒண்டோட ஒண்டு ஒட்டிக் கிடந்தா உரிக்கப் பார்க்காதேங்கோ, அப்பிடியே கட்டா எடுத்து ஒரு தட்டையான பெட்டியில வச்சு, படம் திருத்திற வேலை தெரிஞ்ச ஆரிட்டயும் குடுங்கோ. காணிப் பத்திரத்தைக் கண்ட உடன போன்ல ஒரு படம் எடுத்து வையுங்கோ. உங்களுக்குத் தனியச் செய்ய மனசு இல்லாட்டி பையை அப்பிடியே என்ர கடைக்குக் கொண்டு வாங்கோ, பின்னேரம் கூட்டமில்லாத நேரம் நாங்கள் ரெண்டுபேரும் இருந்து செய்வம். எனக்கும் அப்பிடி ஒரு பை இருக்கு.

*மிஸ், மல்லாவியில இருந்து கிளிநொச்சிக்கு ஒவ்வொருநாளும் மோட்டச்சைக்கிளில வேலைக்குப் போறனான். ஒவ்வொரு மாரிக்கும் ஒரு மழைக்கோட் போகுது, எல்லாம் சிப்தான். — வாசகி, மல்லாவி*

தங்கச்சி, மழைக்கோட்டை நனைஞ்சபடி சுருட்டி சீற்றுக்குக் கீழ அடைஞ்சு வைக்கிறீங்களோ? கோட் கழட்டின உடன ஒருக்கா உதறி, சேறு பட்ட இடத்தை நல்ல தண்ணியால கழுவி, சிப்பை மூடி நேராத் தொங்கவிடுங்கோ. சிப்பின்ர மேல ரப்பர் மாதிரி மினுங்கிற பூச்சு உள்ள கோட் எண்டா அந்த இடத்தில மடிக்கவே வேணாம், மடிச்ச இடத்தில பூச்சு வெடிச்சுத் தண்ணி இறங்கும். அயன் பெட்டியையும் கிட்டக் கொண்டு போகாதேங்கோ, சுருள் பல்லு சூட்டுக்கு நெளிஞ்சா திரும்ப நிமிராது. போடேக்க உள்சட்டை சிப்பில மாட்டினா முன்னுக்கு இழுக்காமல் துணியைப் பக்கவாட்டில விலத்தி இழுத்துப் பிடிச்சுக்கொண்டு தலையைப் பின்னுக்கு எடுங்கோ.

*அன்ரி, எல்லாச் சிப்பிலயும் ஒய்கேகே எண்டு ஏன் இருக்கு? சிப்பை ஆர் கண்டுபிடிச்சது? — தரம் 8 மாணவன், ஒட்டுசுட்டான்*

நல்ல கேள்வி அப்பன். எல்லாத்திலயும் இல்லை, கனக்கத்தில இருக்கு. ஒய்கேகே யப்பான் கம்பனி, தடாவோ யோஷிதா எண்டவர் 1934ல டோக்கியோவில தொடங்கினது, பேந்து அதுக்கு யோஷிதா கோக்யோ கபுஷிகி கைஷா எண்டு பேர் வந்தது, யோஷிதா தொழில் கம்பனி எண்டு கருத்து, அதின்ர முதலெழுத்துகள்தான் அது. ஆனா சிப் அதுக்கும் முந்தினது. அமெரிக்காவில விற்கம் ஜட்சன் எண்டவர் 1893ல கொழுக்கியும் வளையமுமா ஒண்டு செய்தார், அது அடிக்கடி கழண்டுபோகும். சுவீடனில பிறந்து அமெரிக்காவுக்குப் போன கிடியன் சுண்ட்பாக் எண்ட பொறியியலாளர் 1913ல ஒண்டுக்குள்ள ஒண்டு பொருந்திற பல்லுகளைச் செய்தார், 1917ல அதுக்குக் காப்புரிமையும் கிடைச்சது. இப்ப உன்ர பாக்கில இருக்கிற பல்லு அவர் யோசிச்ச வழிதான். சிப்பர் எண்ட பேர் 1923ல ஒரு ரப்பர்ச் சப்பாத்துக்கு ஒரு அமெரிக்கக் கம்பனி வச்சது, சப்பாத்தின்ர பேர் பிறகு சிப்புக்கே ஒட்டிக்கொண்டுது.

உன்ர பாக்கின்ர தலையைத் திருப்பிப் பின்பக்கம் பார், 3, 5, 8, 10 எண்டு ஏதாவது ஒரு இலக்கம் இருக்கும். மூடின பல்லு எத்தினை மில்லிமீற்றர் அகலம் எண்டதுக்கு அது கிட்டத்தட்டச் சரியா வரும். அடிமட்டத்தை வச்சு அளந்து பார்.

*அக்கா, தலை மட்டும் வாங்கிறதெண்டா எப்பிடிக் கேக்கிறது? கடையில தந்த ரெண்டும் பொருந்தேல்ல. — வாசகர், வவுனியா*

பழைய தலையைக் கழட்டிக் கையில கொண்டு போங்கோ, வாயால சொல்லி வாங்காதேங்கோ. மேல அந்தப் பிள்ளைக்குச் சொன்ன இலக்கம் ஒண்டு, பல்லு எந்த வகை எண்டது மற்றது. சுருள் பல்லுக்குரிய 5, பிளாஸ்ரிக் பல்லுக்குப் போகாது, உலோகப் பல்லுக்கும் போகாது, இலக்கம் ஒண்டா இருந்தாலும் உள்வாய் வேற வேற. சட்டைக்கும் பாக்குக்கும் பூட்டுற முள்ளு உள்ளது வேணும், ரென்ற் கதவுக்கு முள்ளு இல்லாமல் லேசா ஓடுறதுதான் நல்லம். மாத்தேக்க பட்டியின்ர அந்தத்தில மூலைத் தையலைக் கொஞ்சம் பிரிச்சு, ரெண்டு வரிசையையும் ஒரே மட்டத்தில தலையின்ர முன்வாயளுக்குள்ள ஏத்தி இழுங்கோ, ஒரு பல்லு முந்தினாலும் கடைசியில ஒரு பக்கம் நீண்டு நிக்கும், அப்ப திரும்ப எடுத்து ஏத்துங்கோ. சரியா வந்தாப் பிறகு மொத்த நூலால அந்த அந்தத்தில குறுக்க ஆறேழு தையல் போட்டு நிப்பாட்டுங்கோ, இல்லாட்டி தலை வெளிய ஓடிவிடும். அடிப்பக்கம் ஒண்டு ரெண்டு பல்லு விழுந்த சிப்புக்கும் இதே வேலைதான், விழுந்த இடத்துக்கு மேல குறுக்கத் தைச்சு சிப்பைக் கொஞ்சம் கட்டையாக்கிறது.

துணி கிழிஞ்சு எறியிற பாக், ஜக்கெற் இருந்தா எறிய முன்னம் தலையளைக் கழட்டி எடுங்கோ. என்ர மெசினுக்குப் பக்கத்தில பழைய பால்மா ரின் ஒண்டில இலக்கம் இலக்கமாப் பிரிச்சு நூலில கோத்து வச்சிருக்கிறன், 5 கூட இருக்கு, 10 எப்பவும் குறைவு. உங்களிட்ட 10 இருந்தாக் கொண்டுவந்து தாங்கோ, ரென்ற்காரர் கேட்டுக்கொண்டு நிக்கினம்.